அவர் வரும் காட்சிகளையும் காப்பாற்றுங்கள்: சினிமாதேகா பிரசிலெய்ராவுக்கு ஒரு திறந்த மடல்

சாவோ பாவ்லோ நகரில், ஒருகாலத்தில் நகராட்சி இறைச்சிக்கூடமாக இருந்த செங்கல் கட்டடங்களில் ஒரு நாட்டின் சினிமா முழுவதையும் காத்துவரும் சினிமாதேகா பிரசிலெய்ரா நிர்வாகத்தாருக்கும், சுருள் அறைகளில் வேலை செய்யும் ஊழியர்களுக்கும்,

வணக்கம்.

பிரேசில் படங்களைப் பல வருடங்களாகத் தேடித் தேடிப் பார்த்துவரும் தமிழ் ரசிகர் நான். போர்ச்சுகீஸ் எனக்குப் படிக்க ஓரளவு வரும், காதில் விழுந்தால் பாதிதான் பிடிபடும். என் மனசில் இருப்பதை என் மொழியில்தான் முழுதாகச் சொல்ல முடியும் என்பதால் தமிழிலேயே எழுதுகிறேன். தெரிந்தவர்களை வைத்துப் பெயர்த்து உங்களுக்கும் அனுப்புவேன். பொதுவெளியில் எழுதுவதற்குக் காரணம், இந்தக் கோரிக்கை என் ஒருவருடையதாக நின்றுவிடக் கூடாது என்பதுதான்.

ரூத் டி சோசா என்கிற நடிகைக்காக எழுதுகிறேன். அவர் யார் என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. இதைப் படிக்கும் தமிழ் வாசகர்களுக்குச் சொல்லியாக வேண்டும். அதனால் உங்களுக்குத் தெரிந்த கதையை நான் மறுபடி சொல்லும்போது பொறுத்துக்கொள்ளுங்கள்.

1921 மே 12 அன்று ரியோ டி ஜனீரோவில் பிறந்தார். பிரேசிலில் அடிமை முறையை ஒழித்த சட்டம் கையெழுத்தானது 1888 மே 13. ஆக, அந்தச் சட்டத்துக்கு 33 வயது நிறைய ஒரே ஒரு நாள் பாக்கி இருந்தபோது இந்தக் குழந்தை பிறந்தது. அமெரிக்கக் கண்டத்திலேயே கடைசியாக அடிமை முறையை விட்ட நாடு அது. ஆப்பிரிக்காவிலிருந்து கப்பலில் ஏற்றிக் கொண்டுவந்து அந்தக் கரையில் இறக்கப்பட்டவர்கள் ஏறத்தாழ 48 லட்சம் பேர். இந்தக் கணக்கை மனதில் வைத்துக்கொண்டால்தான் ரூத்தின் தொழில் வாழ்க்கை எந்த மண்ணில் வேர் பிடித்தது என்பது புரியும். அவர் சிறுமியாக இருந்தபோது அவர் வீட்டுக் கிழவிகளின் வயதில் இருந்தவர்களில் பலர் அடிமையாகப் பிறந்தவர்கள்.

சின்ன வயதிலேயே அப்பா போய்விட்டார். அம்மா துணி வெளுத்துக் குடும்பத்தைக் காப்பாற்றினார். அந்த அம்மாதான் மகளை சினிமாவுக்குக் கூட்டிப்போனவர். திரையில் பார்த்த வேலையைத் தானும் செய்ய வேண்டும் என்று அந்தப் பெண் ஆசைப்பட்டார். அன்றைய பிரேசில் திரையிலோ மேடையிலோ அவரைப் போன்ற நிறமுள்ள பெண்ணுக்கு இடம் என்று ஒன்று கிடையாது.

இடத்தை உண்டாக்கியவர் கறுப்பின உரிமைக்காகப் போராடிய அப்தியாஸ் டோ நாசிமெந்தோ. 1941-இல் பெரு நாட்டுத் தலைநகர் லிமாவில் அவர் ஒரு நாடகம் பார்த்தார். யூஜின் ஓநீல் எழுதிய, கறுப்பின மனிதன் ஒருவனை மையமாகக் கொண்ட நாடகம். அந்தப் பாத்திரத்தில் நடித்தவர் முகத்தில் கரி பூசிக்கொண்ட வெள்ளைக்கார நடிகர். அரங்கில் உட்கார்ந்திருந்த அப்தியாஸுக்கு அன்று உண்டான உறுத்தல்தான் 1944-இல் ரியோவில் 'கறுப்பர் சோதனை நாடக அரங்கு' ஆனது. வீட்டு வேலைக்காரிகள், கூலித் தொழிலாளிகள், எழுத்துக் கூட்டவும் தெரியாதவர்கள் வந்து சேர்ந்தார்கள். எழுத்தறிவும் நடிப்பும் ஒரே கூரையின் கீழ் நடந்தன. ரூத் அங்கே போய்ச் சேர்ந்தார்.

1945 மே 8. ஐரோப்பாவில் போர் முடிந்த நாள். அன்று இரவு ரியோவின் முனிசிபல் அரங்கில், லிமாவில் அப்தியாஸ் பார்த்த அதே ஓநீல் நாடகத்தைக் கறுப்பர்களே மேடையேற்றினார்கள். தன் நாடகத்தை நடத்திக்கொள்ள ஓநீல் காசு வாங்காமல் அனுமதி தந்திருந்தார். பிரேசிலின் அந்தப் பெருமைக்குரிய அரங்கில் கறுப்பு நடிகர்களின் குழு ஒன்று நின்றது அதுதான் முதல் தடவை. ரூத்துக்கு 24 நிறைய நான்கு நாள் இருந்தது. அவருக்குக் கிடைத்தது ஒரு வயதான கிழவி வேஷம். சிறியது. இருபத்து மூன்று வயதுப் பெண் கிழவியாக ஆரம்பித்து, உண்மையிலேயே கிழவியாகும்வரை நடித்தார்.

சினிமாவில் முதல் படம் 1948. ஜார்ஜ் அமாடோவின் நாவலிலிருந்து எடுத்த 'தெர்ரா வியோலெந்தா'. கடைசியாக நடித்தது 2019-இல் ஒளிபரப்பான ஒரு தொலைக்காட்சிக் குறுந்தொடர். கூட்டிப் பாருங்கள், 71 வருஷம். இந்த 71 வருஷத்தில் படத்தின் பெயருக்கு மேல் அவர் பெயர் வந்த சந்தர்ப்பங்கள் விரல் விட்டு எண்ணக் கூடியவை. அடிமைப்பெண், சமையல்காரி, குழந்தையைப் பார்த்துக்கொள்ளும் ஆயா, சேரி வீட்டுப் பெண், சாமியாடும் பெண், தாய். திரும்பத் திரும்ப இவைதான்.

இங்கே எங்கள் மொழியில் உள்ள ஒரு சங்கடத்தைச் சொல்லிவிடுகிறேன். தமிழில் 'துணை நடிகை' என்று எழுதினால் செய்தித்தாள் படிப்பவர்கள் கூட்டத்தோடு கூட்டமாக நின்றுவிட்டுப் போகிறவர் என்றுதான் எடுத்துக்கொள்வார்கள். முக்கியமான பாத்திரம் செய்கிறவரை 'குணச்சித்திர நடிகை' என்போம். உங்கள் மொழியில் 'கோஅட்ஜுவான்தே'. கூட இருந்து கைகொடுக்கிறவர் என்று பொருள். மூன்று சொற்களையும் ரூத் டி சோசாவின் பெயருக்கு முன்னால் வைத்துப் பார்த்துவிட்டேன். எதுவும் பொருந்தவில்லை. கைகொடுத்தவர் என்ற சொல் மட்டும் கொஞ்சம் நெருங்கி வருகிறது. அவர் கைகொடுத்துத் தூக்கி நிறுத்திய படங்கள் பல.

'சின்யா மோசா' படத்தையே எடுத்துக்கொள்வோம். 1953, வேரா குருஸ் கம்பெனியின் தயாரிப்பு. அன்செல்மோ டுவார்தேவும் எலியானே லாஜேவும் நாயகன் நாயகி. அடிமை ஒழிப்புக்கு முந்தைய ஒரு சின்ன ஊரின் கதை. பண்ணையார் மகள் அடிமைகளுக்காகப் பரிந்து பேசுகிறாள், ஊருக்கு வந்த வக்கீல் இளைஞன் மேல் காதல் வருகிறது. கதையின் எலும்புக்கூடு இவ்வளவுதான். அகலப் பாவாடையும் விசிறியுமாக நாயகி முற்றத்தில் வந்து நிற்கும்போது படத்தின் வெளிச்சம் முழுக்க அவர் மேல் விழுகிறது. எனக்கோ கண் பின்னால்தான் போகிறது. சபீனா என்ற அடிமைப்பெண்ணாக ரூத் நிற்கிறார். ஓங்கி அழுகிற நடிப்பு அல்ல அவருடையது. தோளும் கழுத்தும் அசையாமல் நின்று, பார்வையை மட்டும் ஒரு இடத்திலிருந்து இன்னொரு இடத்துக்கு நகர்த்துவார். அந்த நகர்வுக்குள் ஒரு முழு வாழ்க்கையின் கணக்கு ஓடும். சுற்றிலும் நாடகத்தனமாகப் பேசிக்கொண்டிருக்கும் ஆட்களுக்கு நடுவே அவர் ஒருவர்தான் சினிமாவுக்காக நடிக்கிறார் என்று எனக்குத் தோன்றியது.

அப்படித் தோன்றியது எனக்கு மட்டும் அல்ல. வெனிஸ் திரைப்பட விழாவில் சிறந்த நடிகைக்கான பரிசுக்கு ரூத்தின் பெயர் போட்டியில் நின்றது. வெளிநாட்டு விழா ஒன்றில் அப்படி முன்னுக்கு வந்த முதல் பிரேசில் நடிகை என்று அவரை உங்கள் நாட்டில் கொண்டாடுகிறார்கள். பரிசு லில்லி பால்மருக்குப் போனது. கவனித்தால் ஒன்று தெரியும்: படத்தின் நாயகியை விட்டுவிட்டு, பின்னால் நின்ற அடிமைப்பெண்ணின் பெயரை வெளியூரார் எடுத்தார்கள். அதற்குப் பிறகாவது அவருக்கென்று ஒரு படம் எழுதியிருப்பார்கள் என்று யாரும் எதிர்பார்ப்பார்கள். எழுதவில்லை. அடுத்த வருடம் நகைச்சுவை நடிகர் மாசரோப்பி நடித்த 'காந்தின்யோ'வில் மறுபடியும் பக்கப் பாத்திரம். அதே வருடத்தில் வேரா குருஸும் கடனில் மூழ்கியது.

இதற்கு முன்பே, 1950-இல், ராக்ஃபெல்லர் அறக்கட்டளையின் உதவித்தொகையில் அமெரிக்கா போய் ஒரு வருடம் படித்துவிட்டு வந்தவர் அவர். கிளீவ்லாந்தின் கராமு ஹவுஸ், வாஷிங்டனின் ஹோவர்ட் பல்கலைக்கழகம் என்று கறுப்பர் நாடகம் செழித்திருந்த இடங்களில் பயிற்சி. அத்தனை தயாரிப்போடு திரும்பி வந்தவருக்கு உங்கள் சினிமா நீட்டியது பெரும்பாலும் தட்டும் துடைப்பமும்தான். அவர் வாங்கிக்கொண்டார். அந்தத் தட்டை ஏந்தி வரும் பெண்ணை மனுஷியாக்கிக் காட்டினார். இதை அடக்கம் என்று சிலர் புகழ்வார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. வேறு வழி அடைபட்டிருந்தபோது கிடைத்த வழியில் ஒருவர் செய்த கடின உழைப்பு அது. உழைப்பு என்றே சொல்வோம்.

1969-இல் நடந்ததைச் சொல்லாமல் தாண்ட முடியாது. குளோபோ தொலைக்காட்சியில் 'டாம் மாமாவின் குடிசை' நெடுந்தொடராக வந்தது. டாம் மாமாவின் மனைவி வேடம் ரூத்துக்கு. குளோபோ நெடுந்தொடர் ஒன்றில் முதன்மைப் பாத்திரம் ஏற்ற முதல் கறுப்பினப் பெண் என்ற பெயர் அதனால்தான் வந்தது. டாம் மாமாவாக நடித்தவர் செர்ஜியோ கார்தோசோ. வெள்ளை நடிகர். முகத்தில் கறுப்புச் சாயம் பூசி நடித்தார். எதிர்ப்புக் குரல்கள் எழுந்தன, தொடர் நிற்கவில்லை.

லிமாவில் ஒரு வெள்ளை முகம் கரி பூசி நின்றதைப் பொறுக்காமல் பிறந்தது அந்த நாடக அரங்கு. அந்த அரங்கு வளர்த்தெடுத்த நடிகை, 28 வருடம் கழித்து, கரி பூசிய இன்னொரு முகத்துக்கு மனைவியாக நாள்தோறும் நின்று வசனம் பேச வேண்டியிருந்தது. சொந்த நிறத்தோடு நின்றவர் அந்த வீட்டில் அவர் ஒருவர்தான். அந்தப் பெயரைப் பெற அவர் கொடுத்த விலையை நினைத்தால் எனக்கு நெஞ்சு அடைக்கிறது.

அந்தக் காலத்துத் தொலைக்காட்சி டேப்புகள் என்ன ஆயின என்பது உங்களுக்கு நன்றாகத் தெரியும். ஒன்றின் மேல் இன்னொன்றைப் பதிந்துகொண்டே போனார்கள். மேடை நடிப்போ அன்றே காற்றோடு போய்விடுவது. 1961-இல் கரோலினா மரியா டி ஜீசஸின் சேரி நாட்குறிப்பை மேடையேற்றியபோது ரூத்தான் கரோலினாவாக நடித்தார். பாத்திரத்துக்காகக் கனிந்தே சேரிக்கே போய் கரோலினாவோடு நின்றார். அந்தப் புகைப்படங்கள் இருக்கின்றன, நடிப்பு இல்லை. ஆகவே ரூத் டி சோசா என்ற நடிகை இன்னும் மூச்சு விடும் இடம் படச்சுருள் ஒன்றுதான். அது உங்கள் பொறுப்பில் இருக்கிறது.

இனி என் கோரிக்கைக்கு வருகிறேன்.

ஒரு படக் காப்பகத்துக்குப் பணமும் ஆளும் எப்போதும் போதாது. நூறு படம் அழிகிற நிலையில் இருந்தால் பத்தைத்தான் எடுக்க முடியும். எந்தப் பத்து? உலகமெங்கும் இதற்கு ஒரே பழக்கம்தான்: பெரிய இயக்குநர் யார், வரலாற்றில் இடம்பிடித்த படம் எது என்று பார்ப்பார்கள். தப்பு என்று சொல்லவில்லை. க்ளாபர் ரோச்சாவின் 1964 படம் புது மெருகோடு 2022-இல் கான் விழாவின் கிளாசிக்ஸ் பிரிவில் வந்தபோது நானும் மகிழ்ந்தேன். இயக்குநரின் பெயரைச் சாவியாக வைத்துக்கொண்டால் இயக்குநரின் வாழ்நாள் வேலை மொத்தமாகக் காப்பாற்றப்படும். பெரிய நட்சத்திரத்துக்கும் கிட்டத்தட்ட அப்படியே.

பக்கப் பாத்திர நடிகையின் கதை வேறு. அவர் வேலை ஐம்பது படங்களில் ஐந்து ஐந்து நிமிடமாகச் சிதறிக் கிடக்கிறது. அந்த ஐம்பதில் நல்ல படம் சில, சுமாரான படம் பல, இன்று யாரும் பேர் சொல்லாத படம் இன்னும் பல. எது கிடைத்ததோ அதில் நடித்தவர் அவர். தேர்ந்தெடுக்கிற வசதி இல்லை. 'இந்தப் படம் சாதாரணம், பிறகு பார்க்கலாம்' என்று ஒரு சுருளை நீங்கள் தள்ளி வைக்கும்போது, படத்தைப் பொறுத்தவரை அது நியாயமான முடிவாக இருக்கலாம். ரூத்தின் வாழ்வில் ஒரு வருடம் அந்த டப்பாவுக்குள் இருக்கிறது. சுமாரான படம் அழிந்தால் இயக்குநருக்குப் பெரிய நஷ்டம் இல்லை, அவருடைய நல்ல படம் வேறு இருக்கும். இவருக்கு அந்த வருடத்தின் ஒரே சாட்சி போய்விடும்.

இன்னொரு காரணமும் உண்டு. ரூத் தன் இளமையில் நடித்தது அட்லாண்டிடாவிலும் வேரா குருஸிலும். அட்லாண்டிடா என்றால் மலிவான கேளிக்கைப் படங்கள் என்றும், வேரா குருஸ் என்றால் ஹாலிவுட்டைப் பார்த்துச் சூடு போட்டுக்கொண்ட கம்பெனி என்றும் அடுத்து வந்த சினிமா நோவோ, அதாவது 'புதிய சினிமா' இயக்கத் தலைமுறை எழுதித் தள்ளிவிட்டது. கொள்கையளவில் அவர்கள் சொன்னதில் நியாயம் இருந்தது. அதன் பக்கவிளைவைப் பற்றி யாரும் யோசிக்கவில்லை. ஸ்டுடியோக்களை ஒதுக்கியபோது அங்கே வேலை பார்த்தவர்களின் வேலையும் சேர்ந்து ஒதுங்கிப் போனது. சினிமா நோவோவைக் கரைத்துக் குடித்த வெளிநாட்டு ரசிகர்களிடம் ரூத்தைப் பற்றிக் கேளுங்கள், விழிப்பார்கள். நானும் பல வருடம் அப்படித்தான் இருந்தேன். ரியோ கார்னிவலை வைத்து பிரெஞ்சுக்காரர் எடுத்த 'ஓர்ஃபெயு நெக்ரோ'வில் செரஃபினாவாக வரும் லேயா கார்சியாவின் துள்ளலில் மயங்கி, அவர் யார் என்று தேடிப் போய், அவர் வழியாகத்தான் ரூத்தை வந்தடைந்தேன். இருவரும் அப்தியாஸின் அரங்கிலிருந்து வந்தவர்கள் என்பதே அப்போதுதான் தெரிந்தது.

இழப்பு என்ன என்பதை உங்களுக்கு நான் சொல்லித் தர வேண்டியதில்லை. கறுப்பின நடிகர் கிராந்தே ஒதெலோ நாயகனாக நடித்த 1943-ஆம் வருடப் படம் 'மொலேகே தியோவ்', அட்லாண்டிடாவின் முதல் கதைப்படம், இன்று இல்லை. நாயகன் படத்துக்கே அந்தக் கதி. 1952-இல் அட்லாண்டிடாவில் தீ. உங்கள் கிட்டங்கியிலேயே 1957, 1969, 1982, 2016 என்று எளிதில் தீப்பிடிக்கும் பழைய நைட்ரேட் சுருள்கள் நான்கு முறை பற்றிக்கொண்டன. 2016-இல் மட்டும் சுமார் 1000 சுருள்கள். பிறகு 2020-இல் ஒப்பந்தம் முடிந்ததென்று அரசு கைகழுவியது, ஊழியர்கள் வீட்டுக்கு அனுப்பப்பட்டார்கள். ஆளில்லாத காப்பகம் எரியும் என்று அந்த ஊழியர்களே ஊரறியச் சொன்னார்கள். 2021 ஜூலை 29 அன்று வில்லா லெயோபோல்தினா கிட்டங்கி எரிந்தது.

அந்தத் தேதி என்னை உலுக்கியது. ரூத் டி சோசா 98 வயதில், 2019 ஜூலை 28 அன்று ரியோவில் காலமானார். மறுநாள் 29-ஆம் தேதி அவர் உடலை மக்கள் அஞ்சலிக்காக வைத்திருந்தது முனிசிபல் அரங்கில். 1945-இல் அவர் கிழவி வேஷம் கட்டி நின்ற அதே அரங்கு. சரியாக இரண்டு வருடம் கழித்து, அதே 29-ஆம் தேதி, உங்கள் கிட்டங்கியில் தீ. தற்செயல்தான். இருந்தாலும் அன்று இரவு நான் தூங்கவில்லை. எரிந்த கூரையின் படத்தைப் பார்த்துக்கொண்டே, அதற்குள் அவர் இருந்தாரா என்று மட்டும்தான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

2022-இல் நீங்கள் கதவை மறுபடி திறந்தபோது தூரத்தில் இருந்த எங்களுக்கும் உயிர் வந்தது. அந்த இருண்ட மாதங்களில் சம்பளம் வராமல் இருந்தும் சுருளை விட்டுப் போகாத ஊழியர்களுக்கு நான் கடமைப்பட்டவன். அவர்களிடம் உரிமையோடு கேட்கிறேன்.

அடுத்த முறை டிஜிட்டலாக்கவும் புதுப்பிக்கவும் ஒரு தொகுதியைத் தேர்ந்தெடுக்கும்போது, ஒரே ஒரு முறை, சாவியை மாற்றுங்கள். இயக்குநர் பெயரை வைக்காமல் ரூத் டி சோசாவின் பெயரை வையுங்கள். 1948-லிருந்து அவர் முகம் தெரியும் எல்லாப் படங்களையும் ஒரே தொகுதியாக எடுங்கள். படம் நல்லதா, சுமாரா என்று பார்க்காதீர்கள். அவர் ஒரு காட்சியில் கதவைத் திறந்துவிட்டுப் போகிறவராக இருந்தாலும் அந்தப் படம் வரட்டும். 1949-இன் 'தம்பேம் சோமோஸ் இர்மாவ்ஸ்' வரட்டும். 'ஆஞ்செலா' வரட்டும். 1962-இல் சம்பள ரயில் கொள்ளையை வைத்து ராபர்ட்டோ ஃபாரியாஸ் எடுத்த படம் வரட்டும். நெல்சன் பெரேரா டோஸ் சாந்தோஸின் 'ஜுபியாபா'வும் வரட்டும். தேதி வரிசையில் அவற்றை அடுக்கிப் பார்க்கும் யாருக்கும் ஒரு நடிகையின் முகம் இருபதுகளிலிருந்து எண்பதுகள்வரை மாறுவது தெரியும். கூடவே இன்னொன்றும் தெரியும்: ஒரு நாடு தன் கறுப்பினப் பெண்ணுக்கு எந்தெந்த வேலையைக் கொடுத்தது, எந்த வருடத்தில் அவளுக்கு ஒரு பெயர் வைத்தது, எந்த வருடத்தில் குடும்பம் கொடுத்தது, எந்த வருடத்தில் கோபப்பட விட்டது. 2022 கணக்கெடுப்பின்படி பிரேசில் மக்களில் பாதிக்கு மேல் தங்களைக் கறுப்பர் அல்லது கலப்பு நிறத்தவர் என்று பதிந்துகொண்டவர்கள். அவர்களுடைய பாட்டிமார் திரையில் எப்படித் தெரிந்தார்கள் என்பதற்கு இதைவிட முழுமையான ஆவணம் வேறெங்கே கிடைக்கும்?

அடுத்தது, எழுத்து. உங்கள் திரைப்பட அட்டவணையை நான் நன்றியோடு பயன்படுத்துகிறவன். நடிகர் பட்டியல்களை எவ்வளவு பொறுமையாகத் திரட்டியிருக்கிறீர்கள் என்று தெரியும். இந்தத் தொகுதியில் வரும் படங்களுக்கு மட்டுமாவது, நாயகன் நாயகி தவிர மற்றவர்களின் பெயரும் பாத்திரமும் படம் ஓடும் எந்த நேரத்தில் வருகிறார்கள் என்பதும் சேர்ந்தால் எவ்வளவோ உதவும். ரூத்தோடு அந்தக் காட்சிகளில் நின்ற வேறு கறுப்பின நடிகர்களின் பெயர்களும் அப்போதுதான் வெளியே வரும். பெயர்ப் பட்டியலில் இடம் கிடைக்காமல் போனவர்கள் அதில் நிறையப் பேர் இருப்பார்கள். அவர்களை அடையாளம் சொல்லக் கூடிய முதியவர்கள் இன்று சிலராவது இருப்பார்கள். நாளை இருக்க மாட்டார்கள்.

இதை நான் அவசரம் என்று சொல்வதற்குக் காரணம் லேயா கார்சியா. 2023 ஆகஸ்டில் கிரமாடோ திரைப்பட விழாவுக்குப் போயிருந்தார், வயது 90. வாழ்நாள் பங்களிப்புக்கான ஒஸ்காரிட்டோ விருதை அவருக்குத் தர ஏற்பாடாகியிருந்தது. விருது தர இருந்த அதே நாள், ஆகஸ்ட் 15 அன்று, அந்த ஊரிலேயே அவர் உயிர் பிரிந்தது. சில மணி நேரம் முந்தியிருந்தால் அவர் கையிலேயே கொடுத்திருக்கலாம். இதில் யாரையும் குற்றம் சொல்ல முடியாது. பக்கப் பாத்திரக்காரர்களை அழைத்து மேடையேற்ற நாம் எப்போதும் இவ்வளவு நாள் எடுத்துக்கொள்கிறோம் என்பதுதான் என் வருத்தம்.

அதே கிரமாடோவில் இதற்கு நேர்மாறான ஒரு இரவும் இருந்தது. 2004. ஜோயல் சீட்டோ அராவுஜோ எடுத்த 'ஃபில்யாஸ் டோ வெந்தோ'. காற்றின் மகள்கள் என்று பொருள். மினாஸ் ஜெராயிஸ் மாநிலத்துச் சிற்றூரில் இரண்டு சகோதரிகள். ஒருத்தி நடிகையாக வேண்டும் என்று ரியோவுக்கு ஓடிப்போகிறாள். இன்னொருத்தி அப்பாவைப் பார்த்துக்கொண்டு ஊரிலேயே இருக்கிறாள். நாற்பது வருடத்துக்கு மேல் கழித்து அப்பாவின் சாவில் சந்திக்கிறார்கள். ஊரிலேயே தங்கியவள் லேயா. ஓடிப்போய் நடிகையானவள் ரூத். அந்த இயக்குநர் அதற்கு முன் பிரேசில் தொலைக்காட்சித் தொடர்கள் கறுப்பர்களை எப்படி நடத்தின என்று ஆவணப்படமே எடுத்தவர். ஆகவே யாரை எதற்காக அழைக்கிறோம் என்று தெரிந்துதான் அழைத்திருக்கிறார். வாழ்நாள் முழுக்கப் பின்னால் நின்ற இருவர், இந்தப் படத்தில் ஒருவருக்கொருவர் முன்னால் உட்கார்ந்து பேசுகிறார்கள். காமிரா அவர்களை விட்டு எங்கும் போகவில்லை. பார்த்துக்கொண்டிருக்கும் நமக்கு, அக்கா தங்கை பேசிக்கொள்வது அவர்கள் சொந்தக் கதைதானோ என்று ஒரு கணம் தடுமாறும். ரூத்தின் பார்வை நகர்வது அதே பழைய நகர்வு. ஐம்பது வருடம் முன்னால் முற்றத்தில் நாயகிக்குப் பின்னால் நின்றபோது செய்தது. இந்த முறை அதை நெருக்கமாகக் காட்டுகிறார்கள்.

அந்த ஆண்டு கிரமாடோவின் சிறந்த நடிகைக்கான கிகிட்டோ விருதை இருவரும் பகிர்ந்துகொண்டார்கள். ரூத்துக்கு 83, லேயாவுக்கு 71. முன்னணிப் பாத்திரத்துக்கான பரிசு, துணைப் பாத்திரத்துக்கானது அல்ல.

அவருடைய கடைசி வருடத்தில் நாடே அவரை நினைத்தது என்பதையும் சொல்ல வேண்டும். 2019 கார்னிவலில் சாந்தா குருஸ் சாம்பா பள்ளி என்ற கார்னிவல் நடனக் குழு ரூத் டி சோசாவையே தன் ஊர்வலத்தின் பொருளாக எடுத்துக்கொண்டது. சில மாதங்களில் அவர் போய்விட்டார். 2021-இல் அவர் பிறந்தநாளில் கூகுள் தன் முகப்பில் அவர் படத்தைப் போட்டது. அன்று உலகமெங்கும் எத்தனையோ பேர் அந்த முகத்தைச் சொடுக்கியிருப்பார்கள். சொடுக்கியவர்கள் அவர் படம் ஒன்றையாவது பார்க்க நினைத்திருந்தால் என்ன கிடைத்திருக்கும்? நான் தேடியபோது 'சின்யா மோசா' எனக்குக் கிடைத்தது டேப்பிலிருந்து எடுத்த மங்கல் பிரதியாக. இருட்டான காட்சிகளில் ரூத்தின் முகம் பின்னணியோடு கரைந்துபோயிருந்தது. வெள்ளை முகங்கள் அதே பிரதியில் தெளிவாகத் தெரிந்தன. கெட்ட பிரதியில் முதலில் காணாமல் போவது யார் என்று அன்றுதான் புரிந்தது. நல்ல நெகட்டிவிலிருந்து எடுத்த பிரதியில் அவர் முகம் எப்படி இருக்கும் என்று தெரிந்துகொள்ள எனக்கு ஆசையாக இருக்கிறது. புதுப்பிக்கும் தொழில்நுட்ப வல்லுநர்களிடம் இதை மட்டும் தனியாகச் சொல்லுங்கள்: ஒளி அளவை நிர்ணயிக்கும்போது நாயகியின் கன்னத்தைப் பார்த்து நிர்ணயிக்க வேண்டாம், ரூத்தின் கன்னத்தைப் பார்த்து நிர்ணயிக்கட்டும்.

பிறகு, வசன எழுத்துகள். இந்தப் படங்கள் போர்ச்சுகீஸ் தெரியாதவர்களிடம் வரவே இல்லை என்றால் பாதிக் காரணம் அதுதான். ஆங்கிலத்துக்கோ ஸ்பானிஷுக்கோ நீங்கள் ஏற்பாடு செய்துகொள்வீர்கள். தமிழுக்கு நாங்கள் பொறுப்பு. என்னோடு பழைய படம் பார்க்கும் நண்பர்கள் ஏழெட்டுப் பேர் இருக்கிறார்கள், அதில் ஒருவர் போர்ச்சுகீஸ் நன்றாக அறிந்தவர். வசனப் பட்டியலை மட்டும் அனுப்பிவையுங்கள், படத்துக்கு மூன்று வாரம் கொடுங்கள், எழுதி நேரக்குறி போட்டு அனுப்பிவிடுகிறோம். எங்களுக்குப் பணம் எதுவும் வேண்டாம்.

முதலில் 'சின்யா மோசா'வின் பட்டியலை அனுப்பினால் நல்லது. சபீனா பேசும் வரிகளைக் காதால் கேட்டு நானே ஒரு நோட்டில் எழுதி வைத்திருக்கிறேன். நான்கு இடங்களில் வார்த்தை பிடிபடவில்லை. அவர் அங்கே என்ன சொல்கிறார் என்று தெரிய வேண்டும்.

மதிப்புடனும் நம்பிக்கையுடனும்,
பிரேசில் சினிமாவின் தமிழ் ரசிகர் ஒருவர்